சகாயராணி வீட்டுச் சுவரோரச் சூரியகாந்தி

அக்கினி நட்சத்திரம் தொடங்கி, ஊர்க் கிணறுகளெல்லாம் அடிமண்ணைக் காட்டிக்கொண்டிருந்த நாட்களில் ஒரு காலை, இட்லி மாவு வாங்கத் தூக்குவாளிகளோடு சகாயராணி வீட்டு வாசலில் வரிசையாக நின்றவர்களைப் பார்த்து, சுவரோரம் ஆள் உயரத்துக்கு மேல் வளர்ந்திருந்த சூரியகாந்திப் பூ, ஒவ்வொரு எழுத்தும் தனித்தனியாக விழுகிற இனிமையான ஆண்குரலில், "செத்துத் தொலையேன்ப்பா" என்று சொன்னது.

யாரும் அலறவில்லை. முன்னால் நின்ற முத்துப்பேச்சி திரும்பித் தனக்குப் பின்னால் நின்ற வக்கீல் குமாஸ்தா காசிராஜனைப் பார்த்தாள். காசிராஜன் தனக்குப் பின்னால் நின்றவரைப் பார்த்தார். அப்படியே வரிசை முழுவதும் ஒருவர் பின் ஒருவராகத் திரும்பிக்கொண்டே போய், கடைசி ஆள் திரும்பியபோது அங்கே மின்கம்பம்தான் இருந்தது. பூ இரண்டாம் முறையும் அதையே சொன்னது. அப்போது எல்லோருக்கும் இரண்டு விஷயங்கள் ஒரே நேரத்தில் விளங்கின. பேசியது பூ என்பது ஒன்று. அது யாருடைய குரல் என்பது இன்னொன்று. முதல் விஷயத்தைப் பற்றி அன்று முழுக்கப் பேசினார்கள். இரண்டாவதைப் பற்றி ஒருவரும் வாய் திறக்கவில்லை. ஏனென்றால் அந்தக் குரலுக்குச் சொந்தக்காரர் தனுஷ்கோடி, பக்கத்து வீட்டுக்காரர், அதே வரிசையில் நடுவில், கையில் எவர்சில்வர் தூக்குவாளியோடு நின்றுகொண்டிருந்தார்.

தனுஷ்கோடியின் குரல் அந்த ஊரில் கடிகாரத்தைவிடக் கூடுதலாகப் பயன்பட்டது. பேருந்து நிலையத்தின் அறிவிப்புக் கூண்டுக்குள் உட்கார்ந்து அவர், "பயணிகளின் கனிவான கவனத்திற்கு" என்று தொடங்கினால் வெள்ளரிப்பிஞ்சு விற்கிறவர்கள்கூடக் கூவுவதை நிறுத்திக் கேட்பார்கள். சாத்தூர் வழியாகக் கோவில்பட்டி போகிற பேருந்து என்று அவர் சொல்லும்போது சாத்தூர் ஏதோ பார்க்கவேண்டிய இடம்போலத் தோன்றும். அழுதுகொண்டிருக்கிற பிள்ளை நிமிர்ந்து ஒலிபெருக்கியைத் தேடும். கோயில் கொடையானாலும் கல்யாண மண்டபமானாலும் மைக் அவர் கைக்குத்தான் வரும். இரங்கல் கூட்டத்தில் அவர் பேசினால், இறந்தவரோடு இருபது வருஷம் பேச்சுவார்த்தை இல்லாத தம்பியும் மூக்கைச் சிந்துவார். எவ்வளவு தாழ்த்திப் பேசினாலும் சொல் தெளிவாகப் போய்ச் சேர்கிற குரல் அது. அதைப் பெருமையாகத்தான் நினைத்திருந்தார்.

அவருடைய அப்பா பெருமாள்சாமி, தீப்பெட்டி ஆபீசில் மேஸ்திரியாக இருந்து ஓய்வுபெற்றவர், பக்கவாதத்தில் விழுந்து ஒரு வருஷத்துக்கு மேல் ஆகியிருந்தது. வலப்பக்கமும் பேச்சும் போய்விட்டன; இடக்கை மட்டும் மிச்சம். "நாம சொல்றது அவருக்குப் புரியுதா புரியலையான்னு உறுதியாச் சொல்ல முடியாது, ஆனா பேச்சுக் கொடுத்துக்கிட்டே இருங்க" என்று டாக்டர் சொல்லி அனுப்பினார். தனுஷ்கோடியின் மனைவி பேறுகாலம் பார்க்க மகள் வீட்டுக்குப் போனவள், பிள்ளை குப்புற விழட்டும் என்றாள், தவழட்டும் என்றாள், இப்போது நடக்கட்டும் என்று சொல்லிக்கொண்டிருந்தாள். ஆகவே தனுஷ்கோடிதான் அப்பாவைத் துடைத்தார், புரட்டினார், ஊட்டினார், டாக்டர் சொன்னபடி பேச்சும் கொடுத்தார். தொடக்கத்தில் நாளிதழ் வாசித்துக் காட்டினார். வாசிக்கும்போது அப்பாவின் கண் கூரையிலேயே இருந்தது. பிறகு வாசிப்பது நின்றது. ஒரு விடியற்காலை, காலை ஷிப்டுக்கு, முதல் பேருந்துக்குள் கூண்டுக்குப் போயாக வேண்டிய அவசரத்தில், மாற்றிய விரிப்பை மறுபடியும் மாற்ற வேண்டிவந்தபோது, அந்த வாக்கியம் வாயில் வந்தது. கத்தவில்லை. பேருந்து கிளம்புவதைச் சொல்வதுபோல அமைதியாக, மரியாதை குறையாமல், கடைசியில் அப்பா என்பதையும் சேர்த்துச் சொன்னார். சொன்னதும் நெஞ்சில் இருந்த ஏதோ இறங்கியதுபோல இருந்தது. மறுநாளும் சொன்னார். அப்பாவின் உதடு லேசாக அசைந்ததை எச்சில் என்று துடைத்துவிட்டார். பல் துலக்குவதுபோல, சட்டைப் பொத்தான் போடுவதுபோல அது காலை வேலைகளில் ஒன்றாயிற்று. அவருக்கு இருந்த ஒரே ஆறுதல் அப்பாவுக்குப் புரியாது என்பதுதான்.

விதை வந்த கதை இது. நரம்புக்கு நல்லது என்று கைப்பேசி வீடியோவில் யாரோ ஒரு பெண் சொன்னதைக் கேட்டு தனுஷ்கோடி பெரிய மளிகைக் கடையில் சூரியகாந்தி விதைப் பொட்டலம் ஒன்று வாங்கிவந்தார். அலமாரியில் தோல் நீக்கியதும் நீக்காததும் பக்கத்துப் பக்கத்தில் இருந்தன. தோலோடு இருப்பதில்தான் சத்து என்று அதை எடுத்தார். பல் இல்லாத ஒருவருக்குக் கருப்புக்கோடு போட்ட அந்த விதையை எப்படிக் கொடுப்பது என்பது வீட்டுக்கு வந்த பிறகுதான் உறைத்தது. இரண்டு நாள் இடித்துப் பார்த்தார். பிறகு, விரலுக்குப் பயிற்சியாக இருக்கட்டும் என்று கிண்ணத்தில் கொட்டி அப்பாவின் இடக்கைப் பக்கம் வைத்துவிட்டார். கட்டில் ஜன்னலோரம் கிடந்தது. ஜன்னலுக்கு வெளியே ஒரு முழத்தில் இரண்டு வீட்டுக்கும் பொதுவான சுவர். சுவர்மேல் சகாயராணியின் கிளிக்கூண்டு. பெருமாள்சாமி ஒவ்வொரு விதையாக இரண்டு விரலால் எடுத்து, கம்பிக்கு வெளியே நீட்டுவார். கிளி பாதியைக் கொறிக்கும், பாதியைத் தவறவிடும். தவறியவை சுவரோர மண்ணில் விழுந்தன. அரிசி களைந்த தண்ணீரும் கிரைண்டர் கழுவிய தண்ணீரும் நாள் முழுக்க ஓடுகிற மண் அது.

கிளியின் பெயர் துரை. ஒரு புயல்காற்றில் பனைமரத்திலிருந்து விழுந்த குஞ்சை சகாயராணி இட்லி மாவு கொடுத்தே வளர்த்தாள். அவளுக்கு வேறு யாரும் இல்லை. துரையும் கிரைண்டரும்தான் வீட்டில் சத்தம் போடுகிறவர்கள். "மாவு தீந்துபோச்சு", "சில்லறை கொண்டா" இரண்டும் துரைக்கு அத்துப்படி. ஒரு மதியம் வாசலில் யாரும் இல்லாத நேரம், கொடியில் துண்டு காயப்போட்டுக்கொண்டிருந்த தனுஷ்கோடியைத் துரை கழுத்தைச் சாய்த்துப் பார்த்தது. பார்த்து, தனுஷ்கோடியின் குரலிலேயே அந்த வாக்கியத்தைச் சொன்னது.

ஈரத்துண்டைக் கையில் வைத்துக்கொண்டே அவர் சகாயராணியின் வாசலை எட்டிப் பார்த்தார். உள்ளே கிரைண்டர் ஓடிக்கொண்டிருந்தது. சகாயராணி கேட்டிருக்க முடியாது. நாளைக் காலை வரிசை கேட்கும். அன்று சாயங்காலமே பேருந்து நிலையத் தொலைபேசியிலிருந்து வனத்துறைக்குப் பேசி, பெயர் சொல்லாமல், இன்ன தெருவில் இன்ன வீட்டில் கிளி அடைத்து வளர்க்கிறார்கள் என்று தகவல் சொன்னார். மறுநாள் விடிந்ததும் ஜீப் வந்தது. கிளி வளர்ப்பது குற்றம் என்று சகாயராணிக்கு விளக்கிச் சொல்லி, ஓட்டை போட்ட அட்டைப்பெட்டியில் துரையை வைத்துக் கொண்டுபோனார்கள். சட்டப்படி தனுஷ்கோடி செய்தது சரி. அந்தச் சரியைப் பிடித்துக்கொண்டு அவர் சில நாள் தூங்கினார். சகாயராணி மாவு அரைக்காமல் வெறும் கூண்டுக்குக் கீழே உட்கார்ந்திருந்தாள். தெருவே ரவை உப்புமா சாப்பிட்டது.

அந்தக் கூண்டுக்குக் கீழேதான் முளை வந்தது. அவளாக ஒன்றும் செய்யவில்லை; பிடுங்காமல் விட்டாள், அவ்வளவுதான். துரை சிந்தியது என்று தெரிந்ததும் களைந்த தண்ணீரை அந்தப் பக்கமாகவே ஊற்றினாள். செடி வளர்ந்தது, மொட்டு விட்டது, விரிந்தது, கிழக்கே சூரியனைப் பார்த்துத் திரும்பியது, வாய் திறந்தது.

பூ பேசிய அன்று மாலைக்குள் தெரு ஒரு முடிவுக்கு வந்திருந்தது. முடிவைச் சொன்னவர் காசிராஜன். நாற்பது வருஷம் வக்கீலிடம் இருந்தவர் என்பதால், யாரையும் மாட்டிவிடாமல் ஒன்றைச் சொல்ல அவரால்தான் முடியும் என்று எல்லோரும் காத்திருந்தார்கள்.

"சூரியகாந்திக்கு அப்பன் யாரு?" என்று அவர் வரிசையைக் கேட்டார்.

"யாரு?"

"சூரியன். அதைப் பாத்துத்தான வளருது, அதைப் பாத்துத்தான திரும்புது. இப்ப அடிக்கிற வெயில்ல அந்தப் பூவுக்கு எப்படி இருக்கும்? அதான் அப்பனைப் பாத்து, செத்துத் தொலையேன்ப்பாங்குது."

"நியாயந்தான" என்றாள் முத்துப்பேச்சி. "நான் மொட்டைமாடில வத்தல் போடப் போனா அதைத்தான் சொல்லுதேன்."

"அப்ப கொரலு?" என்று பின்னாலிருந்து ஒருவர் தொடங்கினார்.

"கொரலுக்கு என்ன, நல்லாத்தான இருக்கு" என்றாள் முத்துப்பேச்சி, திரும்பாமலே. அத்தோடு அந்தப் பேச்சு முடிந்தது.

அதன் பிறகு பூ பேசுவது அந்தத் தெருவில் குழாயில் தண்ணீர் வருவதுபோல ஆகிவிட்டது. காலையில் கிழக்கே வரிசையைப் பார்த்துச் சொல்லும். உச்சியில் வானத்தைப் பார்த்துச் சொல்லும். வெளியூரிலிருந்து கேட்க வந்தவர்களுக்குச் சூரியன் கதையைச் சொல்லி, மோர் கொடுத்து அனுப்பினார்கள். பங்குச் சாமியார் வந்து பார்த்து, படைப்பின் வேதனை என்று ஏதோ சொல்லிவிட்டுப் போனார். அம்மன் கோயில் பூசாரி ஒரு சொட்டு மஞ்சள் தண்ணீர் தெளித்தார். கேபிள் டிவிக்காரர்கள் கருவிகளோடு வந்தபோது மட்டும் தெருவே சேர்ந்து, பூவா, பேசுவதா, வெயிலில் உங்களுக்குத் தலை சுற்றுகிறது என்று திருப்பி அனுப்பியது. டிவியில் போட்டால் ஊர் முழுக்கக் கேட்கும். ஊர் முழுக்கப் பேருந்து ஏறுகிறவர்கள்.

வெளியே இப்படி. வீடுகளுக்குள் வேறு வேலைகள் நடந்தன. ஜன்னலோரம் ரோஜாத் தொட்டி வைத்திருந்தவர்கள் அதைத் தெருப்பக்கம் மாற்றினார்கள். காசிராஜன், படுத்திருக்கும் தன் அக்காவின் அறைக்கு வெளியே செழித்திருந்த வெண்டைச் செடிகளைக் காய்க்கிற பருவத்தில் வேரோடு பிடுங்கினார். கேட்டதற்குப் பூச்சி விழுந்துவிட்டது என்றார். முத்துப்பேச்சி தன் மாமியாருக்குச் சோறு வைக்கும்போது தட்டைத் தள்ளாமல் கையில் கொடுக்கத் தொடங்கினாள். மாமியார் பயந்துபோய், எனக்கு உடம்புக்கு ஏதும் பெரிசா வந்திருச்சா, டாக்டர் ஏதும் சொன்னாரா என்று வீடு வீடாகப் போய் விசாரித்தாள். பேசுவதற்கு முன்னால் கொல்லைப்பக்கம் எட்டிப் பார்த்து, என்னென்ன முளைத்திருக்கிறது என்று கவனிக்கும் பழக்கம் தெருவுக்கே வந்தது.

தனுஷ்கோடிக்கு எல்லோரும் கூடுதலாக மரியாதை கொடுத்தார்கள். அதைத்தான் அவரால் தாங்க முடியவில்லை. அவர் வரிசைக்கு வருவது தெரிந்தால் யாராவது வலியப் பேச்சை ஆரம்பிப்பார்கள். "அண்ணாச்சி, அருப்புக்கோட்டை வண்டி நேரம் மாத்திட்டாங்களாமே" என்று காசிராஜன், அருப்புக்கோட்டைக்குப் போகிற வேலையே இல்லாதவர், உரக்கக் கேட்பார். பூ இதழை அசைத்தால் நாலு பேர் ஒரே நேரத்தில் இருமுவார்கள். சகாயராணி உள்ளே ஓடிப்போய் வெறும் கிரைண்டரை ஓட்டுவாள். அந்தக் கல் சத்தத்துக்கு நடுவில் பூ தன் வாக்கியத்தைச் சொல்லி முடிக்கும். அவர் தூக்குவாளியை நீட்டுவார். யார் முகத்தையும் பார்க்காமல் வீட்டுக்குப் போவார். ஒருவராவது, ஏனய்யா பெத்த அப்பனை இப்படிச் சொன்னாய் என்று கேட்டிருந்தால் அவர் ஏதாவது பதில் சொல்லியிருப்பார். தூக்கம் இல்லை, இடுப்பு வலி, துணைக்கு ஆள் இல்லை என்று நிறைய பதில் வைத்திருந்தார். யாரும் கேட்கவில்லை.

தெருவுக்குத் தெரிந்தது தெரிந்துவிட்டது. அவருக்கு இப்போது மிச்சம் இருந்த கவலை ஒன்றுதான். பூ சூரியனோடு திரும்புகிறது. சாயங்காலம் அது மேற்கே பார்க்கும். மேற்கே அப்பாவின் ஜன்னல். பெருமாள்சாமிக்கு ஒரு காது மந்தம், புத்தியில் எது ஏறுகிறது என்று டாக்டருக்கே தெரியாது. இருந்தாலும் ஒரு முழ தூரத்தில், முகத்துக்கு நேராக, ஒவ்வொரு எழுத்தும் தெளிவாக, சாயங்காலம் முழுக்கத் திரும்பத் திரும்பச் சொன்னால்? அந்தச் சொல் மட்டும் அவருக்குள் போய்விடக் கூடாது. தனுஷ்கோடி ஜன்னலை அடைத்தார். வானொலியை அப்பாவின் நல்ல காதுப் பக்கம் உரக்க வைத்தார். பகலில் வேலைக்குப் போகும்போது, நடுவில் ஒரு தரம் எட்டிப் பார்த்துக்கொள்ளச் சொல்லிச் சகாயராணியிடம் வழக்கம்போலச் சாவியைக் கொடுத்தார். ஜன்னல் மட்டும் அடைத்தே இருக்கட்டும், தூசி என்றார்.

ஒரு நாள் மாலை, அவள் கடைக்குப் போயிருந்த நேரம் பார்த்து, தேங்காய் வெட்டுகிற அரிவாளை எடுத்துக்கொண்டு சுவரோரம் போனார். தண்டு அவருடைய மணிக்கட்டைவிடப் பருமனாக இருந்தது. அரிவாளை ஓங்கியபோது பூ அவரைப் பார்த்தது. சொல்லும் என்று காத்திருந்தார். அது ஒன்றும் சொல்லவில்லை. அவர் நின்ற இடத்தில் நிழல் விழுந்தது. பின்னால் சகாயராணி உளுந்துப் பையை இடுப்பில் வைத்துக்கொண்டு நின்றாள்.

"பூச்சி கீச்சி இருக்குதா அண்ணாச்சி?" என்று கேட்டாள்.

"ஆமா. பாக்கலாம்னு."

"நான் பாத்துக்கிடுதேன். துரை போகும்போது விட்டுட்டுப் போனது இது ஒண்ணுதான். என்ன பேசுனாலும் இருந்துட்டுப் போகட்டும்."

அவள் பையை இறக்கிவிட்டு, அவர் கையிலிருந்த அரிவாளைப் பார்க்காததுபோலவே உள்ளே போனாள்.

அதற்கு அப்புறம் அறிவிப்புக் கூண்டில் அவருக்கு வேலை ஓடவில்லை. பயணிகளின் என்பது வந்தது. கனிவான என்ற சொல் மட்டும் வாயில் நிற்க மறுத்தது. அதை விழுங்கிவிட்டு, பயணிகளின் கவனத்திற்கு என்று சொல்லிப் பார்த்தார். கீழே நடைமேடையில் காய் விற்கிறவர்கள் நிமிர்ந்து ஒலிபெருக்கியைப் பார்த்தார்கள். ஒரு மதியம் திருமங்கலம் வண்டியை அறிவிக்கும்போது பாதியில் குரல் அடைத்துக்கொண்டது. தலைவலி என்று எழுதிக் கொடுத்துவிட்டு, வெயில் இறங்குவதற்குள் வீட்டுக்கு வந்தார்.

வீட்டைச் சுற்றிக்கொண்டு பின்பக்கமாக வந்தவருக்கு முதலில் கண்ணில் பட்டது ஜன்னல். திறந்திருந்தது. கிழவர் வேர்த்து ஊறிக் கிடந்ததைப் பார்த்துப் பொறுக்காமல் சகாயராணி திறந்துவிட்டு, கிரைண்டரில் அரிசி கிடக்கிறது என்று போயிருந்தாள். அவள் போனதும் மின்சாரம் நின்று, வானொலி ஓய்ந்து கிடந்தது. பூ முழுதாக மேற்கே திரும்பி, ஜன்னல் கம்பியைத் தொடுகிற தூரத்தில், கிழவரின் முகத்தளவே பெரிதாக நின்றது.

"செத்துத் தொலையேன்ப்பா" என்றது பூ.

உள்ளே கட்டிலில் ஒரு சத்தம் எழுந்தது. ஒரு வருஷத்துக்கு மேலாகச் சொல் எதுவும் வராத வாய், கோணிய பக்கத்தை இழுத்துப் பிடித்துக்கொண்டு, எச்சில் வழிய, பாடுபட்டு ஒரு சொல்லை உருட்டி வெளியே தள்ளியது.

"சரிப்பா."

பூ மறுபடி சொன்னது. கிழவர் மறுபடி, "சரிப்பா" என்றார். தாமதம் ஆகிறதே என்று வருந்துகிறவரைப்போல, கடைக்குப் போகச் சொன்னால் சட்டையைத் தேடுகிறவரைப்போல, பணிவாகவும் கொஞ்சம் அவசரமாகவும் சொன்னார். சொல் நன்றாகத் தேய்ந்திருந்தது. அன்றைக்கு முதல்முறையாகச் சொல்கிறவரின் சொல் இல்லை அது. ஜன்னலை அடைத்துவிட்டு அவர் வேலைக்குப் போன மாலைகளில் எத்தனை மாலை அது திறந்திருந்ததோ. அதற்கும் முன்னால், விடியற்காலைகளில் விரிப்பை மாற்றியபோது, கூரையைப் பார்த்துக்கொண்டு அப்பாவின் உதடு அசைந்ததெல்லாம் இதைச் சொல்ல எடுத்த முயற்சிதானோ.

தனுஷ்கோடி உள்ளே போகவில்லை. சுவரைச் சுற்றிக்கொண்டு நேராகச் சகாயராணியின் வாசலுக்குப் போனார். மாலை வரிசை நின்றது. தூக்குவாளி இல்லாமல் அவர் வந்ததைப் பார்த்ததும் காசிராஜன் அருப்புக்கோட்டை வண்டியை எடுக்க வாயைத் திறந்தார். தனுஷ்கோடி கையைக் காட்டி நிறுத்தினார்.

"அது என் குரல்" என்றார்.

"எது அண்ணாச்சி?"

"பூ பேசுறது. நான் சொன்னது அது. எங்கப்பாவைப் பாத்துத் தினமும் சொன்னேன்."

யாரும் இருமவில்லை. முத்துப்பேச்சி முந்தானையால் முகத்தைத் துடைத்துக்கொண்டு முன்னால் வந்தாள்.

"ஒங்க கொரல எங்களுக்குத் தெரியாதா அண்ணாச்சி? பொழுதன்னிக்கும் பஸ் ஸ்டாண்டுல கேக்கோம். அது வேற, இது வேற. இது சூரியனச் சொல்லுது."

"சூரியனைச் சொல்லலை. நான்..."

"சூரியனைத்தான் சொல்லுதுன்னு நாங்க முடிவு பண்ணியாச்சு. நல்லா இருக்கதை வந்து கலைக்காதீங்க" என்றாள். பிறகு குரலைத் தாழ்த்தி, "ஒங்க வீட்டுப் பக்கம் கெடந்த வெதை முளைச்சிருச்சு. எங்க வீட்டுப் பக்கம் சிமெண்டுத் தரை. அம்புட்டுத்தான் அண்ணாச்சி. போங்க" என்றாள்.

காசிராஜன் தரையைப் பார்த்தார். எல்லோரும் அவரவர் பாத்திரத்துக்குள் பார்த்தார்கள். தனுஷ்கோடி இறக்கிவைக்கக் கொண்டுவந்த சுமைக்கு அங்கே இடம் இல்லை என்பது அவருக்குப் புரிந்தது. இன்னொன்று பாக்கி இருந்தது. அவர் சகாயராணியைப் பார்த்தார்.

"துரையைப் பிடிச்சுக் கொடுத்ததும் நான்தான் ராணி."

"தெரியும் அண்ணாச்சி" என்றாள் அவள். மாவை அளந்து ஒரு வாளியில் ஊற்றிவிட்டு அகப்பையை வழித்தாள். "ஜீப்பு ஓட்டிட்டு வந்தவர் அன்னைக்கே சொன்னார். யாரு போன் பண்ணுனதுன்னு கேட்டேன். பேரு சொல்லலம்மா, ஆனா எடுத்த எடுப்புல கனிவான கவனத்திற்குன்னு ஆரம்பிச்சாங்கன்னார்."

வரிசையில் ஒருவருக்குச் சிரிப்பு வந்து, வந்த வழியே போயிற்று.

"தெரிஞ்சுமா எங்கிட்ட ஒண்ணும் கேக்கலை?"

"என்னத்தக் கேக்க? கேட்டா அப்புறம் நீங்க மாவு வாங்க வருவீங்களா? தாத்தாவுக்கு இட்லிய விட்டா வேற எதும் எறங்காது." அவள் அடுத்த வாளிக்காகக் கையை நீட்டினாள். பிறகு நினைவு வந்தவளாக உள்ளே திரும்பி, தன் வீட்டுக் கிண்ணம் ஒன்றை எடுத்து, விளிம்பு வரை மாவு ஊற்றி அவரிடம் கொடுத்தாள். "வாளி கொண்டு வரல போல. கிண்ணத்த நாளைக்குக் கொடுங்க."

அவர் அதை இரண்டு கையாலும் வாங்கிக்கொண்டார். வாங்காமல் இருக்க வழி தெரியவில்லை.

மின்சாரம் வந்தது, இட்லி வெந்தது. பாலில் பிசைந்து, ஆறவைத்து, அவர் கட்டிலோரம் உட்கார்ந்தார். மேற்கே வெயில் தெருவின் ஓட்டு வீடுகளுக்குப் பின்னால் இறங்கிக்கொண்டிருந்தது. ஜன்னலை அடைக்கவில்லை. அப்பாவின் தலையைக் கையில் தாங்கி நிமிர்த்தி வைத்துக்கொண்டு, வெகுநாளைக்குப் பிறகு அந்த முகத்தை நேராகப் பார்த்தார். கண் கூரையில் இல்லை. மகனைப் பார்த்துக்கொண்டிருந்தது. முதல் வாய் ஊட்டினார். கிழவர் சத்தமில்லாமல், தொந்தரவு கொடுத்துவிடக் கூடாது என்பதுபோல, சிந்தாமல் விழுங்கினார்.

"ப்பா" என்றார் தனுஷ்கோடி. "அந்தப் பூ ஏதாச்சும் சொல்லுச்சுன்னா, நீ சரிங்கக் கூடாது. மாட்டேன்னு சொல்லணும். மாட்டேன். எங்க, சொல்லு."

கிழவரின் நெற்றி சுருங்கியது. நல்ல காதை மகன் பக்கம் திருப்பினார்.

"மாட்டேன்னு சொல்லுப்பா. நீ என்னைத் திட்டு. போடா நாயேன்னு சொல்லு. எது வருதோ சொல்லு. சரின்னு மட்டும் சொல்லாத."

கோணிய வாய் இழுபட்டது. தொண்டை எலும்பு ஏறி இறங்கியது. பெருமாள்சாமி முழு முயற்சியோடு, மகன் கேட்டதைச் செய்கிற ஆவலோடு, "சரிப்பா" என்றார்.

"அது இல்லப்பா. மாட்டேன்."

"சரிப்பா."

ஜன்னலுக்கு வெளியே பூ அசைந்தது. அடுத்த வீட்டில் கிரைண்டர் சட்டென்று ஓடத் தொடங்கியது. அதையும் மீறி அந்தக் குரல், இனிமையாக, ஒரு எழுத்தும் கெடாமல், அப்பாவிடம் கேட்டதையே மறுபடியும் கேட்டது. கிழவர் மகனின் முகத்திலிருந்து கண்ணை எடுத்துப் பூவைப் பார்த்தார். பிறகு மகனைப் பார்த்தார். அவருக்கு இரண்டும் ஒரே பிள்ளையின் குரல். இதில் எதைக் கேட்பது, எதை விடுவது என்று அவர் பிரித்துப் பார்க்கவில்லை. வாயிலிருந்த இட்லியை அவசரமாக விழுங்கிவிட்டு, முதலில் ஜன்னல் பக்கம் ஒரு முறை, பிறகு கட்டில் பக்கம் ஒரு முறை, இரண்டு பேருக்கும் குறை வைக்காமல் சொன்னார்.